ஆயிரம் ஆமா, ஒரே ஒரு இல்லே

பட்டாபிராம் வேம்புலிக்கு இரண்டு தொழில். வருஷம் முழுக்க அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பட்டறையில் போல்ட்டு எண்ணிப் பெட்டியில் போடுவது ஒன்று. ஆடி மாதம் பிறந்துவிட்டால் துலுக்கானத்துக்கு ஆமா போடுவது இன்னொன்று.

ஆமா போடுவது என்றதும் சிரிக்கிறவர்கள் சிரித்து முடித்துவிடுங்கள், பிறகு சொல்கிறேன். கெங்கையம்மன் திருவிழாவில் துலுக்கானம் பம்பை அடித்து மதகுவீரன் கதை பாடுவார். ஏழு நாள் கதை. ஒரு எழுத்துகூட எந்தக் காகிதத்திலும் கிடையாது, எல்லாம் அவர் மண்டைக்குள். அவர் ஒரு வரி பாடுவார், பக்கத்தில் நிற்கிற வேம்புலி "ஆமா" என்பான். அடுத்த வரி, அடுத்த ஆமா. அந்த ஒரு ஆமாவுக்குள்தான் துலுக்கானம் மூச்சு வாங்குவார், வெற்றிலைச் சாற்றை விழுங்குவார், அடுத்த வரியைத் தேடிப் பிடிப்பார். பதினெட்டு வருஷமாக இப்படி. வேம்புலியிடம் குதிரை ஓடுவதற்குத் துண்டு ஆமா உண்டு, சாவுக்கு இழுவை ஆமா உண்டு, ராசா பொய் சொல்லும்போது நம்பாத ஆமா ஒன்று மூக்கால் வரும். அந்த மூக்கு ஆமாவுக்கு மட்டும் தனியாகச் சிரிக்க ஊரில் ஆள் இருந்தது.

ஏழு நாளில் ஒரே ஒரு இடத்தில்தான் வேம்புலி வேறு வார்த்தை சொல்வான். அது ஐந்தாம் நாள். பேய் மழையில் ஏரி தளும்புகிறது. மேலூர் ராசா தன் நெல்லைக் காப்பாற்றிக்கொள்ள, மதகைத் திறந்து கீழூரை மூழ்கடிக்கச் சொல்கிறான். மதகுக் காவல்காரன் மாட்டேன் என்று சொல்லி, ஆட்டம் கண்ட மதகுப் பலகைக்குத் தன் முதுகைக் கொடுத்து நின்றபடியே செத்துப்போகிறான். ராசாவின் ஆட்களோ அவன்தான் மதகைத் திறந்தான் என்று ஊரெல்லாம் புரளி கிளப்புகிறார்கள். அவனைப் பெற்றவள் கரைமேல் வந்து நின்று கேட்பாள், "எம்புள்ள மதகைத் தொறந்தானா?" வேம்புலி அடிவயிற்றிலிருந்து "இல்லே!" என்பான். பம்பை இடிக்கும். பெண்கள் முந்தானையை வாயில் அழுத்திக்கொள்வார்கள். அந்த இடத்தில் வாய் தவறி ஆமா என்று சொல்லிவிட்டால் அந்த ராத்திரியே செம்பரம்பாக்கம் ஏரி உடைத்துக்கொள்ளும் என்பது பட்டாபிராமில் பால் குடிக்கிற குழந்தைக்கும் தெரியும்.

இப்படி ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்த தொழிலில் மண் விழுந்தது தொண்ணூற்றொன்றில். மண்ணை அள்ளிப் போட்டவர் கெட்டவர் அல்ல. வேலப்பன்சாவடிப் பக்கம் ஒரு கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுத்த கிறிஸ்துதாஸ். மதகுவீரன் கதை அழிவதற்குள் அதை டேப்பில் பிடித்துப் புத்தகமாகப் போட வேண்டும் என்று அவருக்கு ஆசை. கதை அழிவதாக யாரும் அவரிடம் சொல்லவில்லை, அவராகவே முடிவு செய்துகொண்டார். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு பேரையும் கல்லூரிக்கு வரவழைத்து, மின்விசிறியை நிறுத்தி, ஜன்னலைச் சாத்தி, டேப் ரெக்கார்டரை மேசைமேல் வைத்தார்.

ஒரு மணி நேரம் பாடினார்கள். வியர்வை கொட்டியது. சார் கேசட்டைப் போட்டுக் கேட்டுவிட்டு, காகிதத்தில் கோடு கோடாகக் கிழித்துக் கூட்டினார்.

"நானூற்றுப் பன்னிரண்டு ஆமா வருதுங்க. டேப்புல பாதி அதுக்கே போயிடுது. கதையில அதுக்கு வேலை இல்லையே. வேம்புலி ஐயா சும்மா உக்காந்திருந்தா இன்னும் நல்லா வரும்னு நினைக்கிறேன். நீங்க என்ன சொல்றீங்க?"

அவர் கேட்டது துலுக்கானத்தை. துலுக்கானம் டேப் ரெக்கார்டரைப் பார்த்தார். அதில் சிவப்பு விளக்கு ஒன்று அவரையே பார்த்துக்கொண்டிருந்தது. புத்தகத்தின் அட்டையில் தன் படம் போடுவதாகச் சார் சொல்லியிருந்தது நினைவுக்கு வந்திருக்க வேண்டும்.

"சார் சொல்றதும் கரீக்டுதான். நீ கொஞ்சம் வாய மூடிகினு குந்தேன், வேம்புலி."

பதினெட்டு வருஷப் பழக்கம் லேசில் விடுமா? துலுக்கானம் ஒரு வரியை முடித்து நிறுத்தினால் வேம்புலியின் வாய் தானாகத் திறந்துகொள்ளும்.

"ஆமா" என்றான்.

வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றும்போதுதான் நடந்தது என்ன என்று அவனுக்கு உறைத்தது. கெங்கம்மாளிடம் சொன்னான். அவன் மனைவிக்கு ஒரு விஷயத்தை இரண்டு தரம் கேட்டால்தான் திருப்தி.

"அந்தாளு உன்னிய வாணான்னு சொன்னாரா?"

"ஆமா."

"அதுக்கு நீயே ஆமான்னு சொல்லிகினு வந்தியா?"

"ஆமா."

"உன்னிய வச்சிகினு நா இன்னாய்யா பண்றது?" என்று சோற்றுத்தட்டை வைத்தாள். வைத்தாள் என்பது மரியாதைக்குச் சொல்வது.

வேம்புலிக்குச் சோறு இறங்கவில்லை. புத்தகத்தில் பேர் வராதது கிடக்கட்டும். பேரை எழுதினால் அவனுக்கே படிக்கச் சிரமம். ஆனால் பக்கத்தில் நின்ற ஆளை, கதையில் இவனுக்கு வேலை இல்லை என்று ஒரு பெட்டி சொன்னவுடன் உட்கார் என்று சொல்லிவிட்டாரே அண்ணாத்தே, அதுதான் நெஞ்சில் அடைத்தது. எழுந்து நேராகக் கெங்கையம்மன் கோயிலுக்குப் போனான். கற்பூரத்தை ஏற்றினான். "தாயே, இனிமே துலுக்கானத்துக்கு நா ஆமா போட்டேன்னா எந்நாக்கு அழுவிப் பூடணும்" என்று சத்தியம் பண்ணிவிட்டு வந்தான்.

சத்தியம் துலுக்கானத்துக்கு மட்டும்தான். ஆனாலும் அம்மனுக்கு ஆயிரம் ஜோலி, யாருக்குச் சொன்ன ஆமா என்று பார்த்துக்கொண்டா இருப்பாள்? எதற்கு வம்பு என்று வேம்புலி அந்த வார்த்தையையே விட்டுவிட்டான். பட்டறையில் சூப்பர்வைசர் "போல்ட்டு எண்ணிட்டியா?" என்றால் முன்பெல்லாம் ஆமா என்பான். இப்போது "இருநூத்தி நாப்பது எண்ணிக் கட்டி வச்சிக்கீறேன்" என்றான். "இன்னிக்கு வெயில் ஜாஸ்தி இல்ல?" என்றால் "நேத்திக்கு இன்னும் ஜாஸ்தி" என்றான். ஒரே மாதத்தில் வேம்புலி சொந்தக் கருத்துள்ள ஆள் என்று பேராகிவிட்டது. கேண்டீன் கமிட்டிக்கு நிற்கச் சொல்லி நாலு பேர் வந்து கேட்டார்கள்.

துலுக்கானத்தின் நிலைமை அப்படி இல்லை. அடுத்த ஞாயிறு அவர் தனியாகப் போய் உட்கார்ந்து முதல் நாள் கதையை எடுத்தார். "மதகுவீரன் குதிரை மேல ஏறினான்" என்று பாடி நிறுத்தினார். ஆமா வரவில்லை. மின்விசிறி ஓடாத அறையில் கேசட் சுற்றுகிற சத்தம்தான் வந்தது. ஆமா வராமல் அடுத்த வரி எங்கிருந்து வரும்? "குதிரை மேல ஏறினான்" என்று மறுபடி பாடினார். மறுபடியும் நிறுத்தினார். இப்படி ஏழு தரம் ஏறினான் மதகுவீரன், ஒரு தரம்கூட இறங்கவில்லை, குதிரையும் ஓர் அடி நகரவில்லை.

கிறிஸ்துதாஸ் அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டார். மதகுவீரனுக்கு ஏழு குதிரைகள் என்று நோட்டில் எழுதி, அந்த ஏழு எதன் குறியீடு என்று பதினோரு பக்கக் கட்டுரையும் எழுதிவிட்டார். அதற்கடுத்த ஞாயிறு எட்டாவது தரம் ஏறியபோதுதான் அவருக்குச் சந்தேகம் வந்தது. பிறகு அவரே ஆமா போட்டுப் பார்த்தார். அவர் வாயில் அது "ஆம்" என்று வந்தது, சில சமயம் "உண்மைதான்" என்று வந்தது, ஒரு தரம் "அப்படியா?" என்றும் வந்துவிட்டது. துலுக்கானம் பம்பையைக் கழற்றி வைத்துவிட்டு வெளியே போய் பீடி பிடித்தார்.

கடைசியில் சாரே பட்டாபிராம் வந்தார். ஸ்கூட்டரை வாசலில் நிறுத்திவிட்டு, தலைக்கவசத்தைக் கையில் பிடித்தபடி வேம்புலியின் முன்னால் நின்றார்.

"தப்பு என்னோடதுதான் ஐயா. பொங்கல் முடிஞ்சதும் காலேஜ்ல ஒரு கருத்தரங்கு வச்சிருக்கேன். உலகம் பூராவும் வாய்ப்பாட்டாவே இருக்கிற பெரிய கதைகளைப் பத்தி. ஆப்பிரிக்காவுல மாலின்னு ஒரு நாடு, அங்கேயிருந்து ஒரு பெரிய பாடகர் வர்றார். துலுக்கானம் ஐயா ஐந்தாம் நாள் கதையைப் பாடணும். நீங்க இல்லாம முடியாது."

"அண்ணாத்தே இன்னா சொன்னாரு?"

சார் தலைக்கவசத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அவர் ஒண்ணும் சொல்லலை."

"அம்மனாண்ட சத்தியம் பண்ணிக்கீறேன் சார். ஆமான்னு சொன்னா நாக்கு அழுவிப் பூடும்."

கிறிஸ்துதாஸ் ஞாயிறு தவறாமல் பூந்தமல்லி மாதா கோயிலுக்குப் போகிறவர். "உங்க அம்மன் விஷயத்துல நான் என்ன சொல்றதுன்னு தெரியலையே" என்று நொந்துகொண்டு கிளம்பினார்.

வேம்புலி போவதாக இல்லை. கெங்கம்மாள்தான் விடவில்லை. "அந்தாளு மேடையில நின்னுகினு முழிக்கறத நா கண்ணால பாக்கணும்" என்று புதுப்புடவை கட்டிக்கொண்டாள். வேம்புலிக்கும் அதே ஆசை, வெளியே சொல்லவில்லை. அரைநாள் லீவு போட்டான். கருத்தரங்கு மண்டபத்தில் கடைசி வரிசையில் போய் இருவரும் உட்கார்ந்தார்கள்.

அங்கே கிறிஸ்துதாஸ் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தபடி அலைந்துகொண்டிருந்தார். விஷயம் மெல்லத் தெரிந்தது. மாலி தேசத்துப் பாடகரும் அவருடைய தம்பியும் ஒரே எழுத்தில் தொடங்கும் பேர்க்காரர்கள். கல்லூரி அனுப்பிய டிக்கெட்டில் அந்த எழுத்தும் குடும்பப் பேரும் மட்டும் இருந்தது, முழுப் பேர் இல்லை. அண்ணனுக்குப் போக வேண்டிய டிக்கெட் தம்பிக்குப் போய்விட்டது. தம்பி மாமாதுவும் யார் கேட்டது என்று யோசிக்காமல் சந்தோஷமாக விமானம் ஏறி வந்துவிட்டார். நெடுநெடுவென்று உயரம், நீல அங்கி, பிரெஞ்சு பேசினார். கல்லூரியில் பிரெஞ்சு தெரிந்தவர் ஞானகுமாரி டீச்சர் ஒருவர்தான். அவர் மேடையில் மைக்கைப் பிடித்து மொழிபெயர்த்தார்.

"திரு. மாமாது என்ன சொல்றார்னா..."

"யாருக்கு மாமா?" என்றாள் கெங்கம்மாள்.

"...தனக்குப் பாடத் தெரியாதாம். பாடுறவர் அவங்க அண்ணனாம். அண்ணன் ஒவ்வொரு வரி பாடினதும் இவர் பக்கத்துல உக்காந்து 'நாமு'ன்னு சொல்வாராம். அவங்க ஊர்ல அதுக்குன்னே ஒரு ஆள் உண்டாம். நாமுன்னா..." டீச்சர் தயங்கி, மாமாதுவிடம் மறுபடி கேட்டுவிட்டுச் சொன்னார். "ஆமான்னு அர்த்தமாம்."

மண்டபத்தில் சிரிப்பு கிளம்பியது. கடைசி வரிசையில் வேம்புலி சிரிக்கவில்லை. கழுத்தை நீட்டி அந்த உயரமான மனிதரைப் பார்த்தான். கடல் தாண்டி ஒருத்தர் இதையே தொழிலாகச் செய்கிறார், அதுவும் அங்கியில் பூ குத்தி மேடையில் உட்கார வைத்திருக்கிறார்கள்.  ஆக, கிறிஸ்துதாஸ் சாரிடம் இப்போது ஆமா போட ஆளில்லாத பாடகர் ஒருத்தர் இருந்தார், பாடகர் இல்லாத ஆமா ஒன்றும் இருந்தது.

துலுக்கானம் மேடை ஏறினார். வெள்ளை வேட்டி, இடுப்பில் பம்பை. ஐந்தாம் நாள் கதையை எடுத்தார்.

"மானம் கறுத்துதம்மா, மழை புடிச்சுதே..."

நிறுத்தினார். ஆமா இல்லை.

"மழை புடிச்சுதே..."

கெங்கம்மாள் கணவனின் விலாவில் இடித்தாள். இதைப் பார்க்கத்தான் வந்தார்கள். ஆனால் துலுக்கானத்தின் கண் மண்டபமெல்லாம் தேடியதைப் பார்த்ததும் வேம்புலிக்குச் சந்தோஷம் வரவில்லை. வாய் துடித்தது. உள்ளே இருந்த ஆமாவைப் பல்லால் கடித்துப் பிடித்துக்கொண்டான்.

"மழை புடிச்சுதே..." மூன்றாவது தரம். குரல் இறங்கிவிட்டது.

"நாமு!" என்றார் மாமாது.

மேடை ஓரத்து நாற்காலியிலிருந்து, கனத்த குரலில், சரியான தாளத்தில் விழுந்தது அது. அவருக்குத் தமிழ் ஓர் அட்சரம்கூடத் தெரியாது. ஆனால் ஒரு பாடகன் வரியை முடித்துவிட்டுக் காத்து நிற்பதை அவரால் சும்மா பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. துலுக்கானம் சட்டென்று திரும்பினார். முகம் மலர்ந்தது.

"மழையில ஏரி தளும்பிச்சே!"

"நாமு!"

"ராசா மனசு கலங்கிச்சே!"

"நாமு!"

பம்பை பிடித்துக்கொண்டது. கதை மதகு நோக்கி ஓடியது. மண்டபம் கை தட்டியது. கிறிஸ்துதாஸ் அழுகிற நிலைக்கு வந்துவிட்டார். ராசா பொய் சொல்லும் இடத்தில் மூக்கு ஆமா வர வேண்டும், அங்கே மாமாது சாதாரண நாமு போட்டார். மற்றபடி குறை சொல்ல ஒன்றுமில்லை. அதுதான் வேம்புலிக்குத் தாங்கவில்லை. முழிக்கட்டும் என்று வந்தால் அண்ணாத்தே பறக்கிறார். பதினெட்டு வருஷம் நின்ற இடத்துக்கு ஒரு மணி நேரத்தில் ஆள் கிடைத்துவிட்டது. தன்னை இனி எதற்குத் தேடுவார்?

"எழுந்திரு, போலாம்" என்றான் கெங்கம்மாளிடம்.

"இருய்யா, தாய்க்காரி வரப் போறா."

அப்போதுதான் வேம்புலிக்குத் திக்கென்றது. மதகுவீரன் செத்தாயிற்று. தாய் கரைமேல் ஏறிக்கொண்டிருக்கிறாள். நீல அங்கிக்காரருக்குத் தெரிந்தது ஒரே வார்த்தை. மேடையில் துலுக்கானத்துக்கும் அது அதே நேரத்தில் உறைத்திருக்க வேண்டும். பம்பை அடி ஒரு தரம் தடுமாறியது. ஆனால் ஓடுகிற கதையை நிறுத்த முடியாது, தாயைக் கரையிலிருந்து இறக்கவும் முடியாது.

"எம்புள்ள... மதகைத் தொறந்தானா?"

மாமாது மார்பு நிறைய மூச்சு வாங்கினார். "நா..."

"இல்லே!"

கடைசி வரிசையிலிருந்து வந்தது அந்தக் குரல். வேம்புலி எழுந்து நாற்காலிமேல் ஏறியே நின்றான். எப்போது ஏறினான் என்று அவனுக்கே தெரியாது. ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. முன்வரிசையில் ஒரு பேராசிரியரின் மூக்குக்கண்ணாடி மடியில் விழுந்தது. மாமாது மீதி நாமுவை விழுங்கிக்கொண்டு திரும்பிப் பார்த்தார்.

"நாக்கு! நாக்கு!" என்று பதறினாள் கெங்கம்மாள்.

"நா ஆமான்னா சொன்னேன்? இல்லேன்னுதான சொன்னேன்!" என்றான் வேம்புலி. சொன்ன பிறகுதான் அதிலிருந்த வசதி அவனுக்கே புரிந்தது. சத்தியத்தில் இல்லே சேரவில்லை.

மேடையில் துலுக்கானம் அசையாமல் நின்றார். அவருக்கும் அது புரிந்துவிட்டது. கைநாட்டு ஆள்தான், ஆனால் நாற்பது வருஷம் கதை கட்டியவர். பம்பையை ஓர் அடி அடித்தார். பாதையை அப்படியே திருப்பினார். அன்று அவர் பாடியது எந்தத் திருவிழாவிலும் பாடாதது.

"பெத்தவ கண்ணுல தண்ணி வந்துதா?"

"இல்லே!"

"அவ ஊட்டுல அன்னிக்கி அடுப்பு எரிஞ்சுதா?"

"இல்லே!"

"பழி சொன்ன ராசாவ அவ சும்மா உட்டாளா?"

"இல்லே!"

ஒவ்வோர் இல்லேக்கும் வேம்புலி ஒரு வரிசை முன்னால் வந்துகொண்டிருந்தான். நடுவில் சும்மா வருகிற வரிகளுக்கு மாமாது நாமு போட்டார். கேள்வியை மட்டும், வயதில் மூத்தவருக்கு வழி விடுகிற மாதிரி கையை நீட்டி, வேம்புலிக்கு விட்டுவிட்டார். கிறிஸ்துதாஸ் டேப் ரெக்கார்டரைக் கையில் தூக்கிக்கொண்டு மூன்று பேருக்கும் நடுவில் ஓடினார். அன்று அவர் எதையும் கோடு கிழித்து எண்ணவில்லை.

வேம்புலி மேடையருகே வந்ததும் துலுக்கானம் குரலைத் தாழ்த்தினார். கதையில் இல்லாத வரி ஒன்று வந்தது.

"பக்கத்துல நீ நிக்காம எனக்குப் பாட்டு வருமா?"

வேம்புலிக்குக் கண் கலங்கிவிட்டது. "இல்லே" என்றான். இழுவையாகத்தான் வந்தது.

"அன்னிக்கி நடந்ததுல உம்மேல தப்பு கீதா?"

"இல்லே!"

"அப்போ துலுக்கானத்து மேல தப்பு கீதா?"

 வேம்புலி வாயைத் திறந்தான், மூடினான். இல்லே என்றால் பொய், அது மதகுவீரன் கதைக்கு நடுவில் ஆகாது. உண்மையைச் சொன்னால் நாக்கு அழுகிப்போகும். துலுக்கானம் பம்பைக் குச்சியை உயர்த்தியபடி காத்து நின்றார், பதில் தெரிந்துகொண்டேதான் நின்றார். 

பாடகர் ஒருவர் வரியை முடித்துவிட்டுக் காத்து நிற்கிறார். மாமாதுவால் பொறுக்க முடியவில்லை.

"நாமு!" என்றார், மண்டபம் அதிர.

துலுக்கானம்தான் முதலில் சிரித்தார். பம்பையோடு குனிந்து, மேடையிலிருந்து கையை நீட்டி, வேம்புலியை மேலே தூக்கிவிட்டார்.

சாயந்தரம் பட்டாபிராம் பஸ்ஸில் துலுக்கானமும் வேம்புலியும் கெங்கம்மாளும் ஒரே சீட்டில் நெருக்கி உட்கார்ந்து வந்தார்கள். அட்டையில் இரண்டு பேர் படமும் போடுவதாகச் சார் சொல்லி அனுப்பியிருந்தார்.  துலுக்கானம் ஜன்னலைப் பார்த்தபடி, திரும்பாமலே கேட்டார்.

"ஆடி மாசம் இன்னா பண்றது? ஏழு நாளும் கேள்வியாவே பாடினுகீற முடியாது. அம்மனாண்ட நீ சத்தியம் பண்ணிட்ட. எங்கூட வந்து நிப்பியா, மாட்டியா?"

கெங்கம்மாள் கணவனின் வாயையே பார்த்தாள்.  வேம்புலி தொண்டையைச் செருமிக்கொண்டு, பதினெட்டு வருஷத்துப் பழைய தாளத்தில், பஸ் முழுக்கத் திரும்பிப் பார்க்கும்படி சொன்னான்.

"நாமு!"